பின்வாசலிலிருந்து 23.4 மீட்டர்

டெனிஸ் கார்பட் வீட்டுப் பின்வாசலிலிருந்து கரை விளிம்பு 23.4 மீட்டர் தூரத்தில் இருக்கிறது. இது நாடு முழுக்க நாலு லட்சம் பிள்ளைகளுக்குத் தெரியும். அந்த வீட்டிலேயே குடியிருக்கும் டெனிஸுக்கு மட்டும் தெரியவில்லை. பொதுத்தேர்வில் அவருக்கு ஒரு மதிப்பெண் போனது அதனால்தான்.

எங்கள் ஊர் ஸ்கெல்விக், இங்கிலாந்தில். யார்க்‌ஷயரின் கிழக்கு ஓரம், கடலுக்கு மேலே செங்குத்தாக நிற்கும் மேடு, முழுக்கக் களிமண். கடல் அதைத் தின்றுகொண்டே இருக்கிறது. கடற்கரைத் தெரு என்று ஒன்று உண்டு, போய்க்கொண்டே இருக்கும்போது திடீரென்று அந்தரத்தில் முடியும். முனையில் கவுன்சில் ஒரு கான்கிரீட் கட்டை வைத்திருக்கிறது. இரண்டு குளிர்காலத்துக்கு ஒருமுறை கட்டையும் விழுந்துவிடும், வேறு வைப்பார்கள். இந்த ஒரு காரணத்தால் எங்களுக்குப் பெரிய புகழ். புவியியல் புத்தகத்தில் 'மாறும் கடற்கரை' என்ற ஏழாம் அத்தியாயமே நாங்கள்தான்.

முன்பெல்லாம் ஏப்ரல் வந்தால் பேருந்து பேருந்தாகப் பிள்ளைகள் வருவார்கள். கையில் அட்டை, அட்டையில் கேள்வித்தாள். "உங்க வீடு விழப்போறதைப் பத்தி எவ்வளவு வருத்தப்படுறீங்க? ஒண்ணுலேருந்து அஞ்சுக்குள்ள சொல்லுங்க." டெனிஸின் கணவர் நெவில் எப்போதும் "மூணு" என்பார். கேட்டால், "இப்பவே அஞ்சு சொல்லிட்டா அடுத்த வருஷம் என்னத்தைச் சொல்றது?" என்பார்.

அப்புறம் அளப்பார்கள். பின்வாசல் படியில் டேப்பின் ஒரு முனை, விளிம்பில் மறுமுனை. விளிம்பில் நிற்கும் பிள்ளையின் இடுப்பு பெல்ட்டை ஆசிரியர் பின்னாலிருந்து கெட்டியாகப் பிடித்துக்கொள்வார். வந்த எண்ணை டெனிஸ் வீட்டு அலமாரிக் கதவின் உள்பக்கம் பென்சிலால் எழுதிவிட்டு, ஆளுக்கொரு துண்டு இஞ்சிக் கேக் வாங்கிக்கொண்டு போவார்கள். பதினாலு வயதில் நானும் எழுதியிருக்கிறேன். 38.2. என் பெல்ட்டைப் பிடித்திருந்த ஆசிரியரின் பிடி எனக்கு இன்னும் இடுப்பில் இருக்கிறது. அன்றைக்குத்தான் எனக்குப் புவியியல் பைத்தியம் பிடித்தது.

பிறகு தேர்வு வாரியம் ஓர் ஆய்வு நடத்தியது. களப்பயணங்களில் பிள்ளைகளுக்கு இருக்கும் முதன்மையான ஆபத்து, களம் என்று கண்டுபிடித்தார்கள். களத்தை நீக்கிவிட்டுப் பயணத்தை மட்டும் வைத்துக்கொள்ள முடிவானது. கண்ணில் ஒரு பெரிய கண்ணாடியை மாட்டிக்கொண்டு பிள்ளைகள் பள்ளி உடற்பயிற்சிக் கூடத்திலேயே ஸ்கெல்விக்கில் நடக்கலாம். ஊரைப் படம்பிடித்து உள்ளே ஏற்ற ஒரு ஆள் வேண்டும் என்று விளம்பரம் வந்தது. எங்கள் ஊர், டிரோன், வரைபடம், சம்பளம், நான்கும் ஒரே வேலையில். எனக்குக் கால் தரையில் நிற்கவில்லை.

ஏப்ரலில் ஒருநாள் பறக்கவிட்டேன். டெனிஸிடம் நாற்பது நிமிடம் பேட்டி எடுத்தேன். நெவில் தோட்டத்தில் லீக்ஸ் வெங்காயப் பாத்தியில் குனிந்திருந்தார். டிரோன் தலைக்கு மேலே வந்ததும், "ஏய் கீலி, உன் கொசுவை அந்தாண்ட ஓட்டு!" என்று குனிந்தபடியே ஒரு கையை மட்டும் தூக்கி ஆட்டினார். அப்படியே பதிவானார். முகத்தை மென்பொருள் தானாகவே மங்கலாக்கிவிட்டது. தனியுரிமை. அது விரட்டுகிற கை. ஆனால் படத்தில் பார்த்தால் வா வா என்று கூப்பிடுவதுபோல இருக்கும்.

நாற்பது நிமிடப் பேட்டியில் வாரியம் பதினொரு விநாடியை எடுத்துக்கொண்டது. "எங்களுக்கு யாரும் ஒண்ணும் செய்யல." அதற்குத் தலைப்பு: படம் இ, பாதிக்கப்பட்டவர், எதிர்மறைக் கருத்து. சமநிலைக்கு நேர்மறைக் கருத்து ஒன்றும் தேவைப்பட்டது. ஊரெல்லாம் தேடி, விடுமுறைக்காரர்களுக்குச் சக்கர வீடுகளை வாடகைக்கு விடும் கேரவன் பூங்காக்காரரைப் பிடித்தேன். அவர் ரொம்ப நேரம் யோசித்துவிட்டு, "முன்னாடி இருந்த வீடுங்க போனதுலேருந்து காத்து நல்லா வருது," என்றார்.

மெய்நிகர் பயணமும் பயணம்தான் என்பதால் பழைய விதிகள் அப்படியே நீடித்தன. பெற்றோர் கையெழுத்து, மழைக்கோட்டு, சாப்பாட்டு டப்பா எல்லாம் கட்டாயம். நான் போய்ப் பார்த்த ஒரு பள்ளியில் முப்பது பிள்ளைகள் மழைக்கோட்டோடு கூடைப்பந்து வளையத்துக்குக் கீழே வியர்த்துக்கொண்டு நின்றார்கள். ஒருத்தனுக்குத் தலைசுற்றி வாந்தி. விபத்துப் பதிவேட்டில் ஆசிரியர் 'இடம்: கடற்கரை' என்று எழுதினார். கேள்விக்குச் சரியாக விடை சொன்னால் ஒரு பச்சை டிக் வரும், கூடவே ஒரு கடற்காகம் கத்தும். வாரியத்தின் எல்லா மென்பொருளிலும் அந்தக் கடற்காகம் உண்டு. நிறுத்த வழியில்லை.

பயணத்திலும் பொதுத்தேர்விலும் முதல் கேள்வி: பின்வாசலிலிருந்து விளிம்பு எவ்வளவு தூரம்? விடை, 23.4. ஒரு மதிப்பெண்.

அடுத்த ஜனவரியில் நெவில் இறந்துபோனார். நெஞ்சுவலி. அடுப்பில் கெட்டில் கொதித்துக்கொண்டிருந்தபோது நாற்காலியிலேயே போய்விட்டார்.

துக்கம் கேட்கப் போனபோது கையைப் பிசைந்துகொண்டே சொன்னேன், "டெனிஸ், அவர் படம் உள்ள இருக்கு. நீங்க பாக்கணும்னா பாக்கலாம்." ஒரு பழைய கண்ணாடியையும் ஒரு மாணவர் கணக்கையும் கொடுத்துவிட்டு வந்தேன். அதன்பின் தினமும் மத்தியானச் சாப்பாடு முடிந்ததும் டெனிஸ் சமையலறை நாற்காலியில் உட்கார்ந்து கண்ணாடியை மாட்டிக்கொண்டு தோட்டத்துக்குப் போனார். அரை மணி. "அவன் முதுகைப் பாத்துக்கிட்டு இருப்பேன், வேற என்ன," என்றார். "முகம்தான் மங்கலா இருக்கே. அது பரவால்ல. காலையில எந்திரிச்சதும் எப்பவும் அப்படித்தான் இருப்பான்."

வெளியே கடல் தன் வேலையைப் பார்த்தது. முதலில் வேலி போனது. பிறகு ஆப்பிள் மரம். லீக்ஸ் பாத்தி ஒரே இரவில் போனது. டெனிஸ் தனியாக டேப் பிடித்து அளந்து அலமாரிக் கதவில் எழுதிக்கொண்டே வந்தார். 19. 14.3. 9.2. 6.1.

கவுன்சிலில் ஒரு திட்டம் இருந்தது. ஒன்பது மீட்டருக்குக் கீழே போனால், உள்ளே தள்ளி இருக்கும் ஊரில் மாற்று வீடு. டெனிஸ் எழுதிப் போட்டார். ஒரு அலுவலர் வந்தார். பின்வாசலில் இறங்கி ஆறடி நடந்தார், கீழே கடலைப் பார்த்தார், சட்டென்று மூன்றடி பின்னால் வந்தார். பிறகு கையிலிருந்த திரையைப் பார்த்தார்.

"இதுல 23.4-னு காட்டுது."

"நீங்க கண்ணால பாத்தீங்கல்ல?"

"பாத்தேன் மிஸஸ் கார்பட். ஆனா நான் பாத்ததைப் பதிவு பண்ண இதுல இடம் இல்ல. நாங்க தேர்வு வாரியத்து வரைபடத்தைத்தான் வாங்கியிருக்கோம். நாட்டுலயே துல்லியமானது அதுதானாம்." அவர் கிளம்பும்போது வாசலில் நின்று மெதுவாகச் சொன்னார், "உங்க இடத்துல நான் இருந்தா முன்பக்க ரூம்ல படுத்துப்பேன்."

படத்தை எடுத்தவள் நான், மாற்ற வேண்டியவளும் நான். மேலதிகாரியிடம் போனேன். ஹியூகோ பெல்லிங்ஹாம். பதவியின் பெயர், இடங்களுக்கான இயக்குநர். எங்கள் பகுதியில் எல்லா இடமும் அவர் பொறுப்பு. கடற்கரைப் பக்கம் வந்ததில்லை, ஈரம் ஒத்துக்கொள்ளாது.

"கீலி, உன் ஆர்வம் எனக்குப் புடிச்சிருக்கு," என்றார். "ஆனா அந்த நிலத்தோட நடத்தையைப் பாரு. ஒவ்வொரு வருஷமும் வேற வேற மாதிரி இருக்கு. அதை நம்பி எப்படிப் பிள்ளைங்களுக்குப் பரீட்சை வைக்கிறது? 'மாறும் கடற்கரை' பாடம் இத்தனை வருஷமா ஒரு எழுத்து மாறாம நிக்குதுன்னா, அதுக்குப் பேருதான் தரம்."

"சார், அங்க ஒருத்தங்க குடியிருக்காங்க."

"தெரியும். படம் இ. நல்லா பேசியிருக்காங்க."

விடைக்குறிப்பை மாற்ற ஒரே ஒரு வழிதான் இருந்தது. தேர்வு எழுதிய ஒருவர் முறையிட வேண்டும். ஊர்க்காரர் முறையிட விதியில் இடமில்லை. ஊர்க்காரர்கள் பயனாளிகளாம், தேர்வர்கள் இல்லையாம்.

டெனிஸிடம் சொன்னேன். இன்னொன்றையும் சொல்ல வேண்டியிருந்தது. "எல்லாம் ஒரே பறப்புல எடுத்தது. நம்பரை மட்டும் தனியா மாத்த முடியாது. புதுசா எடுத்து ஏத்துனா பழசு மொத்தமும் அழிஞ்சிரும். நெவிலும்."

டெனிஸ் ஒரு வாரம் போனை எடுக்கவில்லை. எட்டாம் நாள் அவரே கூப்பிட்டார்.

"நேத்து கழுவுற தொட்டிக்குப் பின்னாடி சுவரு விரிசல் விட்டுருக்கு கண்ணு. பரீட்சைக்கு என்ன பேனா கொண்டு போகணும்? கறுப்பா நீலமா?"

அறுபத்தொரு வயதில் டெனிஸ் கார்பட் தனித்தேர்வராகப் பதிந்தார். பக்கத்து டவுன் பள்ளியில் மையம். பதினாறு வயதுப் பிள்ளைகளுக்கு நடுவே சின்ன மேசையில் முழங்காலை இடித்துக்கொண்டு உட்கார்ந்தார். பக்கத்து மேசைப் பெண் கேட்டாளாம், "நீங்க டீச்சரா?" "இல்லம்மா, நான் மூணாம் கேள்வி," என்றாராம் டெனிஸ். அந்தப் பெண்ணுக்குப் புரியவில்லை. தேர்வு தொடங்கி அரை மணி கழித்துப் பக்கத்தைத் திருப்பியவள் படத்தைப் பார்த்தாள், டெனிஸைப் பார்த்தாள், திரும்பவும் படத்தைப் பார்த்தாள். அதற்குமேல் அவள் எதுவும் எழுதவில்லை என்று கேள்விப்பட்டேன்.

முதல் கேள்விக்கு டெனிஸ் 6.1 என்று எழுதினார். மூன்றாம் கேள்வி, 'படம் இ-யில் உள்ள பெண்ணின் மனநிலையை விளக்குக. நான்கு மதிப்பெண்.' கூடுதல் தாள் வாங்கி ஒன்றரைப் பக்கம் எழுதினார்.

ஆகஸ்டில் முடிவு வந்தது. விடைத்தாள் நகலும் வாங்கினோம். முதல் கேள்விக்குச் சிவப்பில் ஒரு பெருக்கல் குறி. மூன்றாம் கேள்விக்கு நாலுக்கு ஒன்று. டெனிஸ் இப்படி எழுதியிருந்தார்: அந்தப் பெண்ணுக்குக் கோபமெல்லாம் இல்லை. பயம்தான். வீட்டைப் பற்றி இல்லை. புருஷன் ராத்திரி தூங்காமல் கடல் பக்கம் காதை வைத்துக்கொண்டே கிடக்கிறான், கேட்டால் ஒன்றுமில்லை என்கிறான், அவனைப் பற்றித்தான். திருத்தியவர் ஓரத்தில் குறித்திருந்தார்: 'தேர்வர் கற்பனையில் எழுதுகிறார். படம் இ-யில் உள்ள பெண் கணவரைப் பற்றி எதுவும் சொல்லவில்லை. கோபம், அதிருப்தி, பொருளாதார இழப்பு ஆகியவற்றைக் குறிப்பிட்டிருக்க வேண்டும்.'

"சொன்னேனே," என்றார் டெனிஸ். "நாப்பது நிமிஷம் அதைத்தானே சொன்னேன்?"

நான் முறையீட்டுப் படிவத்தை எடுத்து நிரப்பத் தொடங்கினேன்.

முறையீட்டு விசாரணை அக்டோபரில், லீட்ஸ் நகரத்தில், வாரியத்தின் ஏழாவது மாடியில். ஆதாரம் கொண்டுவரலாம் என்று கடிதத்தில் இருந்தது. டெனிஸ் அலமாரிக் கதவைக் கழற்றிவிட்டார். கேரவன் பூங்காக்காரர் வேனில் ஏற்றிக்கொண்டு வந்தார். வரவேற்பில் இருந்தவர் எங்களுக்கெல்லாம் பார்வையாளர் வில்லை கொடுத்துவிட்டு, கொஞ்சம் யோசித்து, கதவுக்கும் ஒன்றை ஒட்டினார்.

குழுவில் மூன்று பேர். பேசியது பெல்லிங்ஹாம் மட்டும். கதவில் பதினேழு வருஷத்துப் பென்சில் எண்களை விரலால் தடவிக்கொண்டே கீழே வந்தார். என் 38.2-ஐத் தாண்டி வந்தார். 23.4-இல் விரல் நின்றது. முகம் மலர்ந்தது.

"பாருங்க! உங்க கதவே எங்க விடையைத்தானே சொல்லுது."

"அதுக்குக் கீழயும் இருக்கு சார்," என்றார் டெனிஸ்.

"இதெல்லாம் யாரு எழுதினது?"

"நான்."

"அதான் பாத்தேன். மேல இருக்கறது மாணவர்கள் கள ஆய்வு பண்ணி எடுத்த தரவு. கீழ இருக்கறது..." சரியான சொல்லைத் தேடினார். "குடியிருப்பவரோட அபிப்பிராயம்."

"டேப்பு ஒரே டேப்புதான் சார்."

பெல்லிங்ஹாம் நாற்காலியில் நிமிர்ந்து உட்கார்ந்தார். குரல் இறங்கியது. "மிஸஸ் கார்பட், உங்க மேல எனக்கு நிறைய மரியாதை இருக்கு. உங்க படத்தை நான் எத்தனையோ மாநாட்டுல போட்டுக் காட்டியிருக்கேன். அழுதவங்ககூட இருக்காங்க. ஆனா யோசிங்க. உங்க 6.1-க்கு நாங்க மார்க் போட்டா, 23.4-னு எழுதின நாலு லட்சம் பிள்ளைங்க கதி என்ன? அவங்க ஒழுங்கா படிச்சவங்க. நீங்க அங்க குடியிருக்கீங்க, அது உங்களுக்குக் கிடைச்ச ஒரு சலுகை. அது இல்லாத பிள்ளைங்களை நாங்க தண்டிக்க முடியுமா? ஒரு வீடு விழுறது வருத்தம்தான். ஒரு விடைக்குறிப்பு விழுந்தா ஒரு தேசமே விழுந்துரும்."

டெனிஸ் கேட்டார், "மார்க்கு போடறதுதான் உங்களுக்குக் கஷ்டமா?"

"மிகப்பெரிய கஷ்டம்."

"அப்ப மார்க்கை நீங்களே வச்சுக்குங்க சார். நம்பரை மட்டும் மாத்துங்க."

மூன்று பேரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். நான் அந்த அறையில் அவ்வளவு நிம்மதியை அதற்கு முன்னால் பார்த்ததில்லை. ஐந்து நிமிடத்தில் உத்தரவு தயாரானது. நிலத்தைத் திருத்தலாம், மதிப்பெண்ணைத் திருத்த இயலாது. பெல்லிங்ஹாம் எழுந்து டெனிஸுக்குக் கை கொடுத்தார். கதவுக்கும் கொடுத்திருப்பார், அதற்குக் கைதான் இல்லை.

நவம்பரில், காற்று கொஞ்சம் ஓய்ந்த ஒரு காலையில் டிரோனைப் பறக்கவிட்டேன். 4.8. எல்லாவற்றையும் சேர்த்துப் பதிவேற்றத் தயாராக வைத்துவிட்டு, டெனிஸின் சமையலறையில் கணினியோடு உட்கார்ந்தேன். பொத்தானை அழுத்த வேண்டியதுதான் பாக்கி. அழுத்தினால் கவுன்சில் திரையில் தானாக மாறும், மாற்று வீட்டுப் பட்டியலில் பெயர் தானாக ஏறும்.

"கொஞ்சம் இரு," என்றார் டெனிஸ். கண்ணாடியை எடுத்தார். நாற்காலியில் உட்காரவில்லை. கோட்டை மாட்டி, இடுப்புப் பட்டையை இறுக்கிக் கட்டிக்கொண்டு, பின்கதவைத் திறந்தார்.

அந்தக் கண்ணாடி நம் நடையைப் பின்தொடரும். வெளியே ஓர் அடி வைத்தால் உள்ளேயும் ஓர் அடி. உடற்பயிற்சிக் கூடத்துக்காகச் செய்தது.

நான் ஓடிப்போய்ப் பின்னாலிருந்து அவர் கோட்டுப் பட்டையை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டேன். அவர் படியிறங்கினார். அவர் கண்ணுக்குள் ஏப்ரல் வெயிலும் ஆப்பிள் மரமும். என் கண்ணுக்கு முன்னால் சாம்பல் வானம், அதற்குக் கீழே ஒன்றுமில்லை. ஓர் அடி. இரண்டு. மூன்று மீட்டரில் இழுத்து நிறுத்தினேன்.

"போதும் டெனிஸ்."

"அவன்கிட்ட இன்னும் எவ்வளவு தூரம்?"

"எட்டு மீட்டர்."

"வெளிய?"

"ரெண்டுகூட இல்ல."

அவர் தலையாட்டினார். கீழே அலை மோதுகிற சத்தம் காலில் தெரிந்தது. நெவில் அந்தரத்தில் எங்கேயோ குனிந்து லீக்ஸ் பிடுங்கிக்கொண்டு, ஒரு கையைத் தூக்கி ஆட்டிக்கொண்டிருந்தார். எனக்குத் தெரியவில்லை, டெனிஸுக்குத் தெரிந்தது.

"நெவ்," என்றார், அடுப்படியிலிருந்து கூப்பிடுகிற அதே குரலில். "போதும் வாய்யா. முதுகு புடிச்சுக்கும். டீ ஆறுது."

கொஞ்ச நேரம் நின்றார். பட்டை என் கையில் இழுபட்டது. பிறகு தளர்ந்தது. கண்ணாடியைக் கழற்றி என்னிடம் கொடுத்துவிட்டு, திரும்பிப் பார்க்காமல் உள்ளே போனார்.

பொத்தானை அழுத்தினேன். உடனே ஏறவில்லை. முதலில் ஒரு பட்டியல் வந்தது. பழைய பதிவில் இருந்தவை, புதியதில் இல்லாதவை. ஒவ்வொன்றுக்கும் காரணம் தேர்ந்தெடுக்க வேண்டும். கடலரிப்பு, படிவு, மனிதச் செயல், அளவைப் பிழை. நாலில் ஒன்று.

வேலி. கடலரிப்பு. ஆப்பிள் மரம். கடலரிப்பு. கொட்டகை, கடலரிப்பு. லீக்ஸ் பாத்தி, கடலரிப்பு.

மனிதர், அடையாளம் இல்லை, ஒன்று.

என் விரல் நின்றது. டெனிஸ் என் தோளுக்குப் பின்னால் நின்று படித்தார்.

"அடையாளம் இல்லையாமா? நெவில் கார்பட்னு போடு."

"எழுத இடம் இல்ல டெனிஸ். நாலுல ஒண்ணைத்தான் தொடணும்." நான் அம்புக்குறியை நகர்த்தினேன். "அளவைப் பிழைன்னு போட்டுரவா? யாரும் கேக்க மாட்டாங்க."

"அவன் என்னடி பிழையா?"

"இல்ல, அப்படிச் சொல்லல..."

"கடலரிப்பு போடு."

"டெனிஸ், அவருக்கு நெஞ்சுதானே..."

"நெஞ்சுதான். எனக்குத் தெரியாதா?" அவர் என் நாற்காலியின் முதுகைப் பிடித்துக்கொண்டார். "ஆறு வருஷம் என் பக்கத்துல கண்ணை முழிச்சுக்கிட்டு கிடந்தான். எங்கயாவது மண்ணு சரிஞ்சா எனக்கு முன்னாடி அவனுக்குத்தான் கேக்கும். எவ்வளவு போச்சுன்னு சத்தத்தை வச்சே சொல்லிருவான். காலையில போயி டேப்பைப் புடிச்சா சரியா இருக்கும். கொஞ்சம் கொஞ்சமாத்தான் போனான். நீ போடு."

போட்டேன்.

திரையில் பச்சை டிக் ஒன்று வந்தது. 'சரியான விடை. ஒரு மதிப்பெண்.'

கடற்காகம் கத்தியது.